ஏழடி பத்தங்குலம்

ஆனி மாதக் கடைசி வாரம், வியாழக்கிழமை. காலை ஐந்தரை மணிக்கு நாமக்கல்லில் எங்கள் பட்டறையிலிருந்து லாரி கிளம்பியது. ஓட்டுநர் செல்வராசு, பக்கத்தில் நான். பின்னால் சரக்கு எதுவும் இல்லை. குற்றாலம் போய் ஒரு யானையை ஏற்றிக்கொண்டு, அங்கிருந்து வடக்கே முந்நூறு கிலோமீட்டருக்குச் சற்றுக் குறைவான தூரத்தில் இருக்கும் யானை முகாமில் இறக்க வேண்டும்.

நான் லாரிக்குப் பாடி கட்டுகிறவன். இருபத்தாறு வருடமாக அதுதான் பிழைப்பு. கோழி ஏற்ற, மாடு ஏற்ற, முட்டை ஏற்ற என்று விதவிதமாகக் கட்டியிருக்கிறேன். யானைக்குக் கட்டியது இதுதான் முதல் தடவை. குற்றாலத்தில் ஒரு பழைய குடும்பத்தின் தென்னந்தோப்பில் நிற்கும் பெண் யானை, பெயர் செண்பகம். வளர்த்த பெரியவர் இறந்துவிட்டார். பெங்களூரில் இருக்கும் அவருடைய மகன் யானையை முகாமுக்கு எழுதிக் கொடுத்துவிட்டார். யானையின் பழைய சான்றிதழைப் படம் எடுத்து எனக்கு அனுப்பியதும் அவர்தான். அதில் உயரம் ஆறடி ஒன்பது அங்குலம் என்று இருந்தது. தலைக்கும் முதுகு வளைவுக்குமாக ஒன்றேகால் அடி கூட்டி, எட்டடியில் மேல்சட்டம் வைத்தேன். நெஞ்சுக்கு முன்னால் ஒரு கனமான குறுக்குக் குழாய், பின்னால் ஒன்று, பாகன் ஏறி இறங்க முன்பக்கம் ஒரு சின்னக் கதவு. தளத்தைத் தரையிலிருந்து மூன்றரை அடிக்குத் தாழ்த்தியிருந்தேன். வேலை சுத்தமாக அமைந்துவிட்டது என்றுதான் நினைத்தேன்.

கரூர், திண்டுக்கல், மதுரை தாண்டி ராஜபாளையத்தில் சாப்பாட்டுக்கு நிறுத்தும்போது மணி ஒன்று. அதன் பிறகு வலது பக்கம் மலை கூடவே வந்தது. சிவகிரி, வாசுதேவநல்லூர், புளியங்குடி. கடையநல்லூரில் கடைத்தெருவுக்குள் நுழையும்போது முகத்தில் ஊசி போலச் சாரல் விழுந்தது. வெயிலும் இருந்தது, சாரலும் இருந்தது. செல்வராசு கண்ணாடியை ஏற்றாமல் கையை வெளியே நீட்டிக்கொண்டே ஓட்டினான்.

"ஏனுங்கண்ணா, நம்மூர்ல இந்நேரத்துக்குத் தார் உருகுமுங்க" என்றான்.

தென்காசிக்கு நாலு மணி. முந்நூற்று ஐம்பது கிலோமீட்டர். அங்கிருந்து குற்றாலம் ஆறு கிலோமீட்டர்கூட இருக்காது. ஆனால் சீசன் நெரிசலில் முக்கால் மணி நேரம் ஆனது. சாலையில் நடந்தவர்களில் பாதிப் பேர் ஈரத் துண்டோடு நடந்தார்கள். மற்றப் பாதிப் பேர் உடம்பெல்லாம் எண்ணெய் மினுமினுக்க அருவியை நோக்கிப் போய்க்கொண்டிருந்தார்கள். பழக்கடைகளில் மங்குஸ்தானும் ரம்புட்டானும் குவிந்திருந்தன. எங்களுக்குக் கிடைத்த அறைக்கு வாடகை ஆயிரத்து நானூறு ரூபாய். ஒரே கட்டில். செல்வராசு லாரியிலேயே படுத்துக்கொண்டான்.

வெள்ளிக்கிழமை, காலை ஏழு மணி.

மாவட்டத்திலிருந்து பயணத்துக்குப் பொறுப்பாக வந்திருந்த கால்நடை மருத்துவர் டாக்டர் ரெஜினா சாலையோரம் எனக்காகக் காத்திருந்தார். முப்பத்தைந்து வயது இருக்கும். அவர் கையில் இருந்த பயண அனுமதி சனிக்கிழமை மாலை ஆறு மணி வரைக்கும்தான் செல்லும். அதற்குள் யானை மாவட்ட எல்லையைத் தாண்டிவிட வேண்டும். இல்லையென்றால் எல்லாக் கையெழுத்தும் முதலிலிருந்து.

இரண்டு விடுதிகளுக்கு நடுவே ஒரு சந்து. அதன் வழியாகத்தான் தோப்புக்குப் போக வேண்டும் என்றார். சந்தின் நீளம் முப்பது அடி இருக்கும். இருபுறமும் சுவர். நடந்தபடியே கை இரண்டையும் விரித்தேன்; சுவரில் முட்டியது. 

"டாக்டர், யானைக்கு வேற வழி இருக்கா?"

"வாங்க, நேர்ல பாருங்க" என்றார்.

சந்து முடிந்த இடத்தில் ஒரு ஏக்கருக்கும் குறைவான தோப்பு. முன்பு இவர்களுக்குச் சாலை வரைக்கும் நிலம் இருந்திருக்கிறது. மனை மனையாக விற்று, சுற்றிலும் விடுதிகள் எழும்பி, நடுவில் இது மட்டும் மிஞ்சியிருக்கிறது. ஓட்டுக் கொட்டகைக்கு அடியில், சிமெண்டுத் தரையில், செண்பகம் நின்றாள்.

நான் யானையைப் பார்க்காதவன் அல்ல. கோயிலில் பார்த்திருக்கிறேன், ஊர்வலத்தில் பார்த்திருக்கிறேன். ஆனால் என் லாரியை மனதில் வைத்துக்கொண்டு யானையைப் பார்த்தது இதுதான் முதல் தடவை. என் எட்டடிச் சட்டம் அவள் கண்ணுக்குக் கொஞ்சம் மேலே வந்து நின்றது. பார்த்த உடனேயே தெரிந்துவிட்டது.

பாகன் இசக்கிமுத்துவுக்கு ஐம்பத்தெட்டு வயது. காக்கி அரைக்கால் சட்டையும் கை வைத்த பனியனும் போட்டிருந்தார். என்னைப் பார்த்ததும் கும்பிட்டார்.

"லாரிக்காரவுகளா? வாங்க. பக்கத்துல வரலாம், ஒண்ணுஞ் செய்ய மாட்டா. ஏட்டி, தள்ளி நில்லுட்டி, ஆள் வந்துருக்காவ."

செண்பகம் அரை அடி தள்ளி நின்றாள்.

டாக்டர் ஒரு துணி டேப்பை எடுத்து முன்னங்காலின் அடிப்பாதத்தைச் சுற்றி அளந்தார். நாற்பத்தேழு அங்குலம்.

"முன்னங்கால் பாதத்தோட சுற்றளவை ரெண்டால பெருக்கினா ஏறக்குறைய தோள் உயரம் வந்துடும். நம்ம ஊர் யானைக்கு இந்தக் கணக்கு அநேகமா தப்பாது" என்றார்.

நான் நம்பவில்லை. கொட்டகையில் கிடந்த நீளமான மூங்கிலை நிறுத்தி, தோளுக்கு மேல் இன்னொரு கம்பைப் படுக்கைவாட்டில் வைத்து, ரசமட்டம் பார்த்து அளந்தேன். தொண்ணூற்று நான்கு அங்குலம். ஏழடி பத்தங்குலம். அதுவும் தோள் மட்டும்தான். தலையைத் தூக்கினால் எட்டரை அடிக்கு மேல்.

"காகிதத்துல ஆறடி ஒன்பதுன்னு இருந்துதே" என்றேன்.

இசக்கிமுத்து என்னை ஒரு தடவை பார்த்தார். "அது என்னைக்கு எழுதுன காயிதம் சார்? அப்பம் இவளுக்கு வயசு பதினஞ்சு. இப்பம் இருவத்தேழு நடக்கு. புள்ள வளரும்லா?"

 சான்றிதழில் இருந்த தேதியை நான் பார்க்கவே இல்லை. ஒரு லாரியின் அளவு என்றால் அது என்றைக்கும் அதே அளவுதான். பன்னிரண்டு வருடத்துக்கு முந்தைய காகிதமும் நேற்றைய காகிதமும் ஒன்றுதான். அந்தப் பழக்கத்தில் ஓர் உயிரையும் அளந்திருக்கிறேன்.

இசக்கிமுத்து என்னைத் தோப்பின் ஓரத்துக்குக் கூட்டிப்போனார். அங்கே வரிசையாக ஏழெட்டுத் தென்னை. ஒவ்வொன்றிலும் ஒரு பக்கம் பட்டை தேய்ந்து வழவழவென்று இருந்தது. முதல் மரத்தில் தேய்ந்த இடம் என் இடுப்பு உயரத்தில். அடுத்ததில் நெஞ்சு உயரம். அதற்கடுத்தது என் தலைக்கு மேல்.

"ஒடம்பு அரிச்சா இதுல வந்துதான் தேய்ப்பா. தென்ன உச்சியிலதான வளரும்? தூரு அங்கனயே நிக்கும். இவ அஞ்சு வயசுல வடக்க இருந்து லாரியில வந்தா, இந்தா இம்புட்டு" என்று தன் கழுத்துக்குக் கையைக் காட்டினார். "அஞ்சடிகூட இல்ல. வந்த புதுசுல என் துண்டப் புடிச்சிக்கிட்டே நடப்பா."

"எத்தனை வருஷமா வெளியே போகலை?"

"பதினோரு வருசம்."

அவர் அதைச் சொன்ன விதத்தில் யார் மேலும் கோபம் இல்லை. தினமும் காலையில் சந்து வழியாகச் சிற்றாற்றுக்குக் குளிக்கக் கூட்டிப்போவாராம். வருடம் போகப் போகச் சந்தின் இரண்டு பக்கமும் கொஞ்சம் கொஞ்சமாக நெருங்கி வந்திருக்கிறது. பதினாறு வயதில் ஒருநாள் சந்தின் நடுவில் போய் இரண்டு விலாவும் சுவரில் உரசி, பயந்துபோய் முன்னேயும் போகாமல் பின்னேயும் வராமல் நின்றுவிட்டாள். பின்பக்கமாகவே நகர்த்தி வெளியே எடுக்க ஒன்றரை மணி நேரம் ஆகியிருக்கிறது. விலாவில் இரத்தம். அதற்குப் பிறகு சந்துக்குப் பக்கத்திலேயே அவள் வரவில்லை. பெரியவரும், பிறகு பார்க்கலாம், பிறகு பார்க்கலாம் என்று சொல்லியே போய்ச் சேர்ந்துவிட்டார்.

"சுவர யாரும் நகத்தல சார். அது கெட்டுன எடத்துலதான் நிக்கி. இவதான் வளந்துட்டா."

நான் போய்ச் சந்தை அளந்தேன். நாலே முக்கால் அடி. செண்பகத்தின் வயிற்றுக்கு இரண்டு பக்கமும் தூக்குக்குண்டு பிடித்து அளந்தேன். ஐந்தடி நாலு அங்குலம்.

டாக்டர் அவள் முன்னங்காலைத் தூக்கச் சொல்லிக் காட்டினார். உள்ளங்காலில் பிளவு பிளவாக வெடிப்பு. இரண்டு நகங்களின் ஓரத்தில் சீழ். "பதினோரு வருஷம் ஈரச் சிமெண்டுல நின்ன கால். இவ்வளவு எடையை வெச்சுக்கிட்டு யானை நடந்தே ஆகணும். நடக்காத யானைக்கு முதல்ல கெடறது பாதம். இன்னும் ஒரு மழைக்காலம் இங்கே நின்னா படுத்துடுவா. படுத்தா எழுப்ப முடியாது" என்றார்.

காலை ஒன்பதரை மணி.

சந்தின் இடப்பக்கச் சுவர் ஒரு விடுதிக்குச் சொந்தம். நடத்துகிறவர் கோமதியம்மாள், அறுபது வயதுக்காரர், கணவர் இல்லை. டாக்டரும் இசக்கிமுத்துவும் நானும் போய் நின்றோம். அந்தச் சுவரை ஒட்டித்தான் எண்ணெய் தேய்த்துக்கொள்கிறவர்களுக்கான குளியலறைகள் இரண்டும் இருந்தன. இடித்தால் அவையும் போகும்.

"சீசன் நடக்கு. இருவத்திரண்டு ரூமும் ஆளு. இப்பம் வந்து குளிமுறிய இடின்னா எப்படி? பொரட்டாசி வரட்டும், நானே ஆளு வச்சு இடிச்சுத் தாரேன்."

"பர்மிட் நாளைக்கு முடியுதும்மா" என்றார் டாக்டர்.

"அது ஒங்க பாடு. பதினோரு வருசமாத் தோணல, இன்னைக்குத் தோணுதாக்கும்?"

 அந்த அம்மாள் சொன்னதில் தப்பும் இல்லை. மூன்று பேரும் திரும்பினோம்.

எனக்கு என் வேலை இருந்தது. லாரியைத் தென்காசிக்குக் கொண்டுபோய், ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு வெல்டிங் பட்டறையில் நிறுத்தினேன். மேல்சட்டத்தை அறுத்து எடுத்து ஒன்பதேகால் அடிக்கு உயர்த்தினோம். நெஞ்சுக் குழாயை ஓரடிக்கு மேலே ஏற்றினோம். பழைய உயரத்தில் இருந்திருந்தால் பிரேக் போடும்போது அது அவள் முழங்காலுக்கு மேல் எலும்பில் போய் இடித்திருக்கும். அறுத்த குழாயைக் கையில் வைத்துக்கொண்டு அதையே நினைத்துக்கொண்டிருந்தேன். செல்வராசு சோடா வாங்கி வந்து கொடுத்தான்.

"விடுங்கண்ணா. ஏத்தறதுக்கு முன்னாலயே தெரிஞ்சு போச்சுங்கல்ல" என்றான்.

மாலை நாலு மணிக்குப் பாதி வேலையை அவனிடம் விட்டுவிட்டுப் பேருந்தில் குற்றாலம் திரும்பினேன். சந்தின் வாயில் கோமதியம்மாள் நின்றிருந்தார். தனியாக. கையில் ஒரு சீப்பு நாட்டுப்பழம்.

"நீங்கதான அளந்தது? சந்து எம்புட்டு, அது எம்புட்டு?"

சொன்னேன்.

"ஏழு அங்குலந்தான் கூடவா?"

"ஆமாம்மா. ஆனா பயந்த யானை. ரெண்டு பக்கமும் ரெண்டடி இடம் தெரிஞ்சாத்தான் கால் வைக்கும்னு டாக்டர் சொல்றாங்க."

அவர் சந்துக்குள் எட்டிப் பார்த்தார். பிறகு, "நான் அதப் பக்கத்துல போயி பாத்ததே இல்ல. வாங்க" என்று எனக்கு முன்னால் சந்துக்குள் நடந்தார்.

கொட்டகைக்கு முன்னால் வந்ததும் நின்றுவிட்டார். இசக்கிமுத்து எழுந்து, "வாங்க கோமதியக்கா" என்றார். செண்பகம் துதிக்கையை நீட்டி அந்த அம்மாளின் கையையும் சேலைத் தலைப்பையும் மெதுவாக மோந்து பார்த்தாள். பழத்தை உடனே எடுக்கவில்லை.

"மாடியில துணி காயப்போடும்போது பாப்பேன் இசக்கி. வந்த புதுசுல சுவருக்கு மேல ஒண்ணுந் தெரியாது. சத்தம் மட்டுங் கேக்கும். பொறவு ஒருநாளு முதுகு தெரிஞ்சுது. அடுத்த வருசம் இன்னுங் கொஞ்சம். இப்பம் காது வரைக்குந் தெரியுது. நல்லா வளருதேன்னு நெனச்சேனே தவிர…" என்றார்.

இசக்கிமுத்து முன்னங்காலைத் தூக்கச் சொன்னார். செண்பகம் தூக்கினாள். கோமதியம்மாள் குனிந்து உள்ளங்காலைப் பார்த்தார். வெடிப்பில் மஞ்சள் மருந்து பூசியிருந்தது. நிமிர்ந்து என் பக்கம் திரும்பினார்.

"எந்த அளவுக்கு இடிக்கணும்?"

"ஒன்பதரை அடி அகலம் வேணும்மா" என்றேன்.

"அப்பம் குளிமுறி ரெண்டும் போவும்."

"ஆமா."

"போட்டும். ஆளக் கூப்புடுங்க. இருட்டுதுக்குள்ள முடிச்சிருங்க, ரூம்ல பிள்ளைங்க தூங்கணும்."

ஐந்து மணிக்கு ஜே.சி.பி. வந்தது. கோமதியம்மாள் கடைசி வரைக்கும் நின்று பார்த்தார். ஏழு மணிக்குச் சுவர் இல்லை. கல்லையெல்லாம் வாரி, சாலையோரத்தில் மூன்றரை அடி உயரத்துக்கு ஒரு சரிவு மேடு போட்டோம். யானை லாரியில் ஏறுவதற்கு. மீதி வேலையை முடித்துக்கொண்டு செல்வராசு இரவு லாரியோடு வந்து சேர்ந்தான்.

சனிக்கிழமை, காலை ஐந்தே முக்கால்.

அருவிப் பக்கமிருந்து இரைச்சல் வந்துகொண்டே இருந்தது. மலை முழுக்க மேகம். இசக்கிமுத்து செண்பகத்தின் கால் சங்கிலியைக் கழற்றிக் கழுத்தில் சுற்றிவிட்டு, முன்னால் நடந்தார். அவள் பின்னால் வந்தாள். சந்து தொடங்கும் இடத்தில் நின்றாள். அப்படியே நின்றாள்.

சுவர் இருந்த இடம் இப்போது வெறுமையாக இருந்தது. நமக்குக் கண்ணால் பார்த்தால் போதும். அவளுக்குப் போதவில்லை. ஒருவர் பின்னாலிருந்து தட்டலாமா என்று கேட்டார். இசக்கிமுத்து கையைக் காட்டித் தடுத்தார்.

"யாருந் தொடாதீங்க. அவளா வரட்டும்."

அவர் சந்தின் மறுமுனைக்குப் போய், நடுவில், தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டார். அவளைக் கூப்பிடவும் இல்லை. ஆறு மணி ஆனது. ஆறரை ஆனது. அருவிக்குக் கிளம்பியவர்கள் ஒவ்வொருவராக நின்று பார்த்தார்கள். எண்ணெய் தேய்த்த உடம்போடு ஐம்பது அறுபது பேர். செல்வராசு வாயில் விரலை வைத்து எல்லோரையும் அடக்கினான். செல்போனைத் தூக்கினவர்களும் கொஞ்ச நேரத்தில் கையை இறக்கிவிட்டார்கள். அந்தக் கூட்டத்தில் அப்படி ஓர் அமைதியை நான் எதிர்பார்க்கவில்லை.

ஏழு மணி இருக்கும். செண்பகம் துதிக்கையை இடது பக்கம் நீட்டினாள். சுவர் இருக்க வேண்டிய இடத்தைத் தேடினாள். கிடைக்கவில்லை. இன்னும் நீட்டினாள். அங்கேயும் இல்லை. வலது பக்கச் சுவரைத் தொட்டுப் பார்த்துவிட்டு, மறுபடியும் இடது பக்கம் நீட்டினாள். ஒரு காலை முன்னால் வைத்தாள். மறுபடியும் தேடினாள். அப்படி முப்பது அடியையும் அவள் காற்றைத் தடவிக்கொண்டே கடந்தாள். கடைசி நாலு எட்டு மட்டும் ஓட்டமாக வந்து இசக்கிமுத்துவின் முன்னால் நின்று அவர் தலையில் துதிக்கையை வைத்தாள்.

இசக்கிமுத்து எழுந்திருக்க இரண்டு தடவை முயன்றார். நான் போய்க் கை கொடுத்தேன். 

"சரியாப் போச்சு சார். சரியாப் போச்சு" என்றார். 

ஏற்றுவதற்கு முன்னால் கொஞ்சம் நடந்தால் நல்லது என்று டாக்டர் சொன்னதால் சிற்றாற்றுக்குக் கூட்டிப்போனார்கள். சாலையிலிருந்து முந்நூறு மீட்டர். கரையில் மண்ணில் கால் வைத்ததும் அவள் நடை மாறிவிட்டது. நொண்டவில்லை, ஆனால் ஒவ்வொரு அடியையும் அமுக்கிப் பார்த்து வைத்தாள். தண்ணீருக்குள் முழங்கால் வரைக்கும் இறங்கி நின்று, வெகு நேரம் குடிக்காமல், குளிக்காமல், தண்ணீர் காலைச் சுற்றிப் போவதையே உணர்ந்துகொண்டு நின்றாள். பிறகுதான் குடித்தாள். இசக்கிமுத்து இடுப்பளவு நீரில் நின்று அவள் விலாவைத் தேய்த்தார். முன்பெல்லாம் நின்றபடி முதுகுக்குத் தேய்த்துவிடுவாராம். இன்று அவர் கை அவள் விலாவின் பாதிக்குத்தான் எட்டியது.

காலை பத்து மணி.

மேட்டின் மேல் லாரியின் பின்பக்கத்தைச் சேர்த்து நிறுத்தினோம். செண்பகம் மேடு வரைக்கும் வந்தாள். தளத்தில் ஒரு காலை வைத்தாள். பலகை முனகியதும் எடுத்துவிட்டாள். இரண்டு தடவை. மூன்றாவது தடவை மேட்டுக்கே வரவில்லை. டாக்டர் மணியைப் பார்த்தார்.

இசக்கிமுத்து தானே லாரிக்குள் ஏறிப்போய் முன்பக்கத்தில் நின்றுகொண்டார். "ஏட்டி செண்பகம். வாட்டி. நான் இங்கனதான் நிக்கேன்."

அவர் குரலைக் கேட்டதும் வந்தாள். நாலு காலும் உள்ளே. லாரி ஒரு பக்கம் சாய்ந்து நிமிர்ந்தது. துதிக்கையால் அவர் தோளைப் பிடித்துக்கொண்டாள். செல்வராசுவும் இன்னொருவரும் பின்பக்கக் குழாயைத் தள்ளிப் பூட்டினார்கள். அதன் பிறகு இசக்கிமுத்து அந்தத் துதிக்கையை மெதுவாக விலக்கிவிட்டு, நான் வைத்திருந்த சின்னக் கதவு வழியாக இறங்கினார். கீழே வந்தவர் லாரியின் பக்கம் திரும்பவில்லை.

"ஏமாத்தித்தான ஏத்தியிருக்கேன்" என்றார் என்னிடம்.

முகாமில் வேறு பாகன்கள் இருக்கிறார்கள். அவர் இங்கேயே இருந்துவிடுவது என்றுதான் ஏற்பாடு. உள்ளே செண்பகம் கத்தவில்லை. துதிக்கையைச் சின்னக் கதவின் இடுக்கில் விட்டு வெளியே துழாவிக்கொண்டிருந்தாள். டாக்டர் அதைப் பார்த்தார். போனை எடுத்துத் தள்ளிப்போய் யாரிடமோ பேசினார். திரும்பி வந்து, "இசக்கி அண்ணாச்சி, நீங்களும் ஏறுங்க. ஒரு மாசம் அங்கே இருக்கலாம். கேட்டுட்டேன்" என்றார்.

"நானா? மாத்துத்துணிகூட இல்லயே தாயி."

என் பையில் இரண்டு கைலியும் ஒரு துண்டும் இரண்டு சட்டையும் இருந்தன. பையோடு கொடுத்தேன். அவர் வேண்டாம் என்று சொல்வதற்குள் செல்வராசு அதை வாங்கி முன் இருக்கையில் போட்டுவிட்டான். இசக்கிமுத்து சின்னக் கதவுக்குப் போய், துழாவிக்கொண்டிருந்த துதிக்கையின் நுனியைக் கையில் பிடித்தார்.

"வாரேன்ட்டி. முன்னாலதான் இருப்பேன்."

தென்காசி எடைமேடையில் லாரியை நிறுத்தினோம். வெறும் லாரியின் எடையைக் கழித்தால் இரண்டாயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பது கிலோ. சீட்டைப் படித்துக் காட்டியபோது இசக்கிமுத்து, "அம்புட்டா!" என்று பெருமையோடு சிரித்தார். இரண்டு நாளில் அவர் சிரித்து நான் பார்த்தது அப்போதுதான். பகல் பன்னிரண்டரைக்கு லாரி மதுரைச் சாலையில் திரும்பியது. டாக்டரின் ஜீப் பின்னால் போனது. உயர்த்திய சட்டத்துக்குக் கீழே அவள் தலை கடைசி வரைக்கும் தெரிந்தது.

லாரியில் என் இடம் இசக்கிமுத்துவுக்குப் போய்விட்டதால், நான் தென்காசிப் பேருந்து நிலையத்தில் மதுரை வண்டி ஏறினேன். வெறுங்கையோடு, மூன்று நாள் அழுக்குச் சட்டையோடு. மலை இப்போது இடது பக்கம் வந்தது. புளியங்குடி தாண்டியதும் சாரல் நின்று வெயில் அடித்தது. எங்கள் ஊரில் மழை என்றால் வருவதும் தெரியும் போவதும் தெரியும். குற்றாலத்துச் சாரலோ உடம்பு நனைந்த பிறகுதான் பெய்ததே தெரிகிறது. அந்தச் சந்தில் அவளுக்கு நடந்ததும் அப்படித்தான் என்று நினைத்துக்கொண்டேன். யாரும் ஒருநாளில் அவளைப் பூட்டவில்லை.

பதினைந்து நாள் கழித்து ஒரு மாலையில் இசக்கிமுத்து போன் செய்தார். கால் புண் ஆறி வருகிறது, தினமும் இரண்டு மைல் நடக்கிறாள் என்றார். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"சார், ஒரு சங்கதி. இங்கன இன்னும் நாலு யான நிக்கி. அதுல மூத்தவ ஒருத்தி. அறுவது வயசு இருக்கும்னு சொல்லுதாவ. அவ பக்கத்துல நிப்பாட்டுனா நம்ம செண்பகம் சின்னவ சார். முக்கா அடி கொறச்ச. இவளப்போல பெரிய உருப்படி எங்கயுங் கெடயாதுன்னு நான் இம்புட்டு நாளும் நெனச்சிருந்தேன். பக்கத்துல இன்னொண்ண வச்சுப் பாத்தாத்தான தெரியுது?"

"சேர்த்துக்கிட்டாங்களா அவளை?"

"அதச் சொல்லத்தான் போன் போட்டேன். நேத்து இங்கன மழ. பெரிய இடி. இவ ஓடிப்போயி மூத்தவ வயித்துக்கு அடியில தலைய நொழைக்கா சார், பால்குடிக் குட்டி மாரி. இருவத்தேழு வயசுல இம்புட்டு ஒடம்ப வச்சிக்கிட்டு நொழைய முடியுமா? தல மட்டுந்தான் போச்சு."

 போனில் மழைச் சத்தம் கேட்டது.

"மூத்தவ நகரல சார். கால அகட்டி வச்சுக் குடுத்தா."